கை வைத்த சுமை

இரவு பதினொன்றே கால். செஞ்சியிலிருந்து திண்டிவனம் போகிற கடைசி பஸ், வல்லத்தில் ஒரே ஒரு ஆளை இறக்கிவிட்டுப் போனது. அவர் பொன்னுசாமி... நம் தனசேகரனின் பெரியப்பா. இதோ, தனசேகரன் உட்கார்ந்திருக்கிறான். பொய் என்றால் அவனே சொல்லட்டும்.

இரண்டு பக்கமும் கடலைக்கொல்லை. வீட்டுக்கு இரண்டு கிலோமீட்டர். ஒரு விளக்கு கிடையாது. ஆனால் மனுஷனுக்குப் பயம் இல்லை, வயிற்றெரிச்சல்தான். அதுவும் யார் மேல்? செத்துப்போன ஒருவர் மேல்.

கிறிஸ்டோபர் என்று பெயர். கார்கில் சண்டையில் நெஞ்சில் குண்டுச்சிதறல் வாங்கி ஊர் திரும்பி, திண்டிவனம் ஸ்டேஷனில் போர்ட்டராகச் சேர்ந்தவர். அதிகம் பேச மாட்டார். நெஞ்சு வலித்தால் ஓரமாக உட்கார்ந்து நீலகிரித் தைலம் தேய்த்துக்கொள்வார். பயணிகளுக்கு அவரைத்தான் பிடிக்கும். ரயிலிலிருந்து இறங்கும்போதே, "பட்டாளத்துக்காரர் இல்லையா?" என்று கேட்பார்கள். பக்கத்திலேயே பொன்னுசாமி சும்மாட்டோடு நிற்பார், பிளாட்பாரத் தூண் மாதிரி.

அதையாவது பொறுத்துக்கொண்டார். சினிமா வந்ததும்தான் தாங்கவில்லை. பேச்சே இல்லாத படம் ஒன்றைச் செஞ்சிக் கோட்டையில் எடுக்க வந்தவர்கள், சாமான் தூக்க ஸ்டேஷனில் ஆள் பிடித்தார்கள். டைரக்டர், கிறிஸ்டோபரின் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்துவிட்டு அவருக்கு ஒரு வேஷம் கொடுத்தார். தகரப் பெட்டியைத் தலையில் வைத்துக்கொண்டு கோட்டையின் ராஜகிரி மலைப் படி ஏற வேண்டும், பதினைந்து வினாடி, அவ்வளவுதான் வேஷம். பொன்னுசாமியோ இளவயசிலிருந்தே கண்ணாடி முன்னால் மீசையை முறுக்கிப் பார்த்தவர். "ஏன் சார், என் மூஞ்சிக்கு இன்னா கொறை?" என்று கேட்டேவிட்டார். எல்லோரும் சிரித்தார்கள். கிறிஸ்டோபர் மட்டும் சிரிக்கவில்லை. அதுதான் இவருக்கு இன்னும் எரிந்தது.

போர்ட்டர்களிடம் ஒரு சட்டம் உண்டு... முதலில் கை வைத்தவனுக்குத்தான் சுமை. எடுத்துவிட்டால் போய்ச் சேரும்வரை நடுவில் இறக்கக் கூடாது. இதை ஞாபகம் வைத்துக்கொள்ளுங்கள்.

ஷூட்டிங் அன்று, வெறும் பெட்டிக்குக் காவல் இருந்தவர் பொன்னுசாமி. யாரும் பார்க்காதபோது உள்ளே கருங்கல்லை அடுக்கித் தாழ்ப்பாளைப் போட்டார். கிறிஸ்டோபர் தடுமாறினால் வேஷம் தனக்கு வரும் என்று நினைப்பு. பெட்டியைத் தூக்கிவிடக் கை கொடுத்ததும் அவரேதான். கனம் தலையில் இறங்கிய நொடியில் கிறிஸ்டோபர் அவரைப் பார்த்தார். ஏறினார். நடுவில் இறக்கவே இல்லை. டைரக்டர் மெய்மறந்து கைதட்டினார். மறுநாள் விடியுமுன் நெஞ்சடைத்துக் கிறிஸ்டோபர் போய்விட்டார்.

கல்லைச் சத்தமில்லாமல் வெளியே கொட்டியதும் பொன்னுசாமிதான். அப்போது ஒருத்தருக்கும் தெரியாது.

ஒரு வருஷம் கழித்து, அவர் கடைசி பஸ்ஸில் வந்து இறங்கிய அன்றைக்குச் சாயங்காலம்தான், செஞ்சியில் ஒரு கல்யாண மண்டபத்தில் அந்தப் படத்தைப் போட்டார்கள். கிறிஸ்டோபர் வந்த பதினைந்து வினாடிக்கு மண்டபமே எழுந்து கைதட்டியது. பொன்னுசாமிக்குத் துக்கம் வரவில்லை, கூச்சமும் வரவில்லை. செத்தும் கைதட்டு வாங்குகிறானே என்றுதான் பொருமினார்.

அந்தப் பொருமலோடுதான் நடந்துகொண்டிருந்தார். பாதி வழியில் வாய்விட்டே சொன்னார். "அந்த எடத்துல நான் இருந்திருக்கணும்..."

தவளைச் சத்தம் நின்றது.

பின்னால்... கடக். தகரத்துக்குள் கல்லோடு கல் உரசுகிற சத்தம். கடக்... கடக். கூடவே ஒரு வாசனை. நீலகிரித் தைலம்.

திரும்பினார். யாரும் இல்லை. மறுபடி முன்னால் பார்த்தால்... நட்டநடு ரோட்டில் அந்தத் தகரப் பெட்டி.

ஓடியிருக்க வேண்டும். நீங்களும் நானும் ஓடியிருப்போம். ஆனால் முப்பது வருஷமாகப் பிளாட்பாரத்தில் முந்திப் பழகிய கை அது. மனசு யோசிக்குமுன் போய்ப் பெட்டியின் பிடியைத் தொட்டுவிட்டது. ஜில்லென்று இருந்தது.

அவ்வளவு கனத்தை ஒற்றை ஆளால் தலைக்கு ஏற்ற முடியாது. எதிர்ப்பக்கம் ஒருவர் கை கொடுக்க வேண்டும்.

பெட்டி மெதுவாக... தலைக்கு ஏறியது.

காலையில் ரோட்டில் அவருடைய செருப்பு மட்டும் கிடந்தது. அதுவும் வீட்டைப் பார்த்து இல்லை, செஞ்சியைப் பார்த்து. போலீஸ் கிணறு கிணறாகத் தேடியது. ஆளை இன்றுவரை காணோம்.

மூன்று மாதம் கழித்து அந்தப் படம் போனில் பார்க்கக் கிடைத்தது. பொன்னுசாமியின் சம்சாரம் வெண்மதி, "தனசேகரா, கிறிஸ்டோபர் அண்ணன் வர்ற எடத்தைப் போடுடா, பாக்கலாம்" என்றார். போட்டான். கோட்டைப் படி. சிவப்புச் சட்டை. தலையில் பெட்டி. வெண்மதி போனைக் கண்ணருகே இழுத்தார்.

"அய்யோ... இது உங்க பெரிப்பாடா!"

அவரேதான். அதே முறுக்கு மீசை. வெறுங்கால். ஆசைப்பட்ட இடம் கிடைத்துவிட்டது. பதினைந்து வினாடி தாண்டியும் காட்சி முடியவில்லை, ஏறிக்கொண்டே இருந்தார். நேராக இவர்களைப் பார்த்து வாயை அசைத்தார். பேச்சில்லாத படம்... சத்தம் வரவில்லை.

"இன்னா பெரிம்மா சொல்றாரு?"

முப்பது வருஷம் கூட வாழ்ந்த வெண்மதிக்கு அந்த உதடு தெரியும்.

"ஒரு கை குடு வெண்மதின்றாருடா... எறக்கணுமாம்."