தீர்ப்பு மண்ணில் இறங்கியது

தலைமை ஏற்று வீற்றிருக்கும் பெருந்தகை வைத்திலிங்கம் அவர்களே, வாசல் தெளித்த ஈரக் கையோடு வாழ்த்த வந்திருக்கும் தாய்மார்களே, முதல் ஷிப்டு முடித்து முகத்துக் கரியோடு முன்வரிசையில் அமர்ந்திருக்கும் தோழர்களே, மந்தாரக்குப்பத்துப் பெருமக்களே! இந்தப் புதுமனை விழாவுக்குக் கடலூரிலிருந்து வந்திருக்கும் உங்கள் வழக்கறிஞனின் கனிந்த வணக்கம்.

சுரங்கத்துக்கு ஊரைத் தந்தவர்கள் நீங்கள். நாட்டுக்கு வெளிச்சம் வேண்டுமென்று நிலத்தை விட்டு நகர்ந்தவர்கள் நீங்கள். வெளிச்சம் தந்தவர்க்கு விளக்கேற்ற ஒரு வீடு வேண்டாமா? வேண்டும் என்றது உயர்நீதிமன்றம். குடும்பத்துக்கு ஒரு மனை கொடுக்கச் சொல்லித் தீர்ப்பு வந்தது. தீர்ப்பு வந்தது, மனை வந்ததா?

ஆடி வந்தது, ஆவணி வந்தது, ஐப்பசி அடைமழையும் வந்தது. மனை மட்டும் வரவில்லை! நிலம் கொடுத்துவிட்டுச் சாலையோரக் கொட்டகையில் ஒதுங்கிய சாமியம்மாளும், அடுத்த கொட்டகை அக்தர் பேகமும், மனை தர வேண்டிய அலுவலகத்துக்கு நடையாய் நடந்தார்கள். மேலே எழுதியிருப்பதாகச் சொன்னார் அதிகாரி. எந்த மேலே? வானத்துக்கா? சிரியுங்கள், ஐயா, இன்று சிரிக்க வேண்டிய நாள்தான். அன்று சிரிப்பு வரவில்லை. சாமியம்மாளின் மகள் ருக்குமணி அப்போது மூன்று மாதப் பிள்ளைத்தாய்ச்சி. சாலையோரக் கீற்றுக் கொட்டகைக்குள் வெள்ளம். அக்தர் பேகத்தின் கயிற்றுக் கட்டிலில் அந்தப் பெண்ணைப் படுக்கவைத்துவிட்டு, இருவரும் என்னைத் தேடி வந்தார்கள்.

சாமியம்மாள் கேட்டார்: "ஜெயிச்சிட்டோம்னு சொன்னீங்களே ஐயா, ஜெயிச்சவங்க ஏன் தண்ணியில நின்னுகினு இருக்கோம்?"

தீர்ப்பை அதிகாரி மதிக்கவில்லையென்று மறுபடியும் வழக்குப் போட்டேன்.

நீதிபதி அந்த அதிகாரியை நேரிலேயே வரவழைத்தார். "எங்கள் உத்தரவு உமக்குப் புரியவில்லையா, பிடிக்கவில்லையா?" என்று கேட்டார். அதிகாரி அவகாசம் கேட்டார். "மனையை அளந்து கொடுத்துவிட்டு வாரும். இல்லையேல் சிறைக்குத் தயாராக வாரும்" என்றார் நீதிபதி ஆங்கிலத்தில். அதை நான் தமிழில் சொன்னதும், முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டு சிரித்தார் சாமியம்மாள். அத்தனை மாதங்களில் நான் கண்ட முதல் சிரிப்பு அது!

பிறகென்ன? ஓடி வந்தது அளவுச் சங்கிலி! ஊன்றி நின்றது எல்லைக்கல்! கால்சட்டையை மடித்துவிட்டுச் சேற்றில் இறங்கினார் அதே அதிகாரி. அக்தர் பேகம் அவரிடம் ஒரு குவளை தேநீரை நீட்டினார். "நீங்களும் நனைஞ்சிகினு நிக்கிறீங்களே, குடிங்க."

வாங்கிக் குடித்த அந்த மனிதர், "முன்னாடியே செஞ்சிருக்கணும்மா" என்றார் மெல்ல.

அந்த மனையில் எழுந்த வீட்டில் ருக்குமணிக்குப் பெண் பிறந்திருக்கிறாள். அதோ, அழுகிறாள். கொண்டுபோக வேண்டாம், தாயே, அழட்டும். இந்த விழாவுக்கு அதைவிட இனிய நாதஸ்வரம் ஏது?

தோழர்களே! ஏட்டில் இருக்கும் நீதி விதை. வீட்டில் விளைந்தால்தான் அது நெல். தீர்ப்பைப் பெற்றதோடு திரும்பிவிடாதீர்கள். தரும்வரை கேளுங்கள்! தராவிட்டால் மன்றத்தில் கேளுங்கள்! தலை நிமிர்ந்து கேளுங்கள்! கேட்பது பிச்சையல்ல, உங்கள் உரிமை!

பொறுமையோடு செவி தந்த உங்களுக்கு நன்றி. புதுமனை புகுந்த குடும்பங்கள் பூத்துப் பொலிக! வணக்கம்.