துணைவினை

புதுச்சேரி மாநிலத்தில் பிழையில்லாமல் தமிழ் எழுதத் தெரிந்த கடைசி மனிதன் நான். பெருமைக்காகச் சொல்லவில்லை, அம்மா. பதிவாக வேண்டும் என்பதற்காகச் சொல்கிறேன். நீங்கள் விசாரணை அதிகாரி, ஆனால் உங்கள் கணினித் திரையில் 'விசாரனை' என்று இருக்கிறது. மூன்று சுழி ண வர வேண்டும். இப்போதே மாற்றிவிடுங்கள், அப்புறம் மறந்துவிடும்.

பெயர் கதிரவன். வீட்டில் வைத்தது பிரேம். வேலையில் சேர்ந்த கையோடு அரசிதழில் அறிவிப்புக் கொடுத்து அதையும் திருத்தினேன். பாகூர்ப் பக்கத்துக் காவல் நிலையம் ஒன்றில் பதினோர் ஆண்டுகளாக ரைட்டர். எழுத்தர் என்று சொன்னால் அங்கே யாரும் திரும்பிப் பார்ப்பதில்லை. வருகிறவர்கள் வாயால் சொல்வதைக் காகிதத்தில் எழுதிக் கையெழுத்து வாங்குவது என் வேலை. மற்றவர்கள் திருடனைப் பிடிப்பார்கள், நான் பிழையைப் பிடிப்பேன். ஒருமுறை ஒரு கொலை மிரட்டல் கடிதம் வந்தது. இரண்டு பக்கத்தில் இருபத்தோர் ஒற்றுப்பிழை. பொறுக்க முடியாமல் சிவப்பு மையால் திருத்திவிட்டேன். சான்றுப்பொருளைச் சிதைத்ததாக மெமோ கொடுத்தார்கள். மெமோவில் நான்கு பிழை.

நான் இன்று சொல்லப்போவதை வைத்துத்தான் விஜயராணி சிறையிலிருந்து வெளியே வருவாள் என்கிறீர்கள். சரி. முறைப்படி தொடங்குகிறேன்.

என்னால் தாங்க முடியாதது ஒன்றே ஒன்று: 'கினு'. வந்துகினு, போய்கினு, சொல்லிகினு. இந்தப் பக்கத்து மக்களுக்கு அது இல்லாமல் ஒரு வாக்கியம் முடியாது. அது தமிழே இல்லை, தொண்டையில் சிக்கிய ஏதோ ஒன்று. நான் எழுதும் வாக்குமூலங்களில் அதை வேரோடு பிடுங்கிவிடுவேன். 'பேசிக்கினு இருந்தோம்' என்றால் 'பேசினோம்'. 'அயுதுகினே வந்தேன்' என்றால் 'அழுதபடி வந்தேன்'. படிக்கச் சுத்தமாக இருக்கும். இந்த நிலையத்துக் காகிதங்கள் மட்டும் வியர்வை நாற்றம் இல்லாமல் வருகின்றன என்று நீதிபதி ஒருவரே பாராட்டியிருக்கிறார்.

விஜயராணியை எனக்கு முன்பே தெரியும். குருவிநத்தத்துப் பெண். இருபத்து மூன்று வயது. கீர்த்தி என்று நான்கு வயதில் ஒரு மகள். கணவன் சுகுமார் குடித்துவிட்டு அடிக்கிறான் என்று மூன்று முறை மனுவோடு வந்தாள். முதல் மனுவில் பதினேழு பிழை. முதல் வரியில் 'கணவர்' என்று ஏற்றி, நான்காம் வரியில் 'அவன்' என்று இறக்கியிருந்தாள். இப்படிப் பாதி வழியில் மரியாதையை மாற்றக்கூடாது என்று சொல்லித் திருப்பி அனுப்பினேன். இரண்டாம் மனுவில் ஒன்பது. அதையும் திருப்பினேன். மூன்றாவதில் ஒரு பிழையும் இல்லை. ஆனால் உதடு கிழிந்திருந்தது. மனுவைப் பாராட்டினேன். இன்ஸ்பெக்டர் உத்திராபதி அதை வாங்கி நான்காக மடித்து, "குடும்பம்னா நாலு அடி வுழத்தான் செய்யும். போம்மா, போயி சோறாக்கிப் போடு" என்றார். அவருக்குப் பேச்சுத் தமிழ்தான் வரும்.

நான்காவது முறை அவள் மனு இல்லாமல் வந்தாள். போன ஆண்டு சித்திரை, மதியம் பன்னிரண்டரை மணி. கையெல்லாம் மிளகாய்த் தூசி, இடுப்பில் குழந்தை. ஆட்டோ பிடித்துத் தானாகவே வந்தாள். ஓடிப்போகவில்லை, ஒளியவில்லை. இதை அன்று நான் எழுதவில்லை. நீங்கள் எழுதிக்கொள்ளலாம்.

நடந்தது இதுதான். மொட்டை மாடியில் மிளகாய் காயப்போட்டுக்கொண்டிருந்தாள். கைப்பிடிச் சுவர் இல்லாத மாடி. சுகுமார் உருட்டுக்கட்டையோடு ஏறி வந்திருக்கிறான். சற்று நேரத்தில் கீழே தெருவில் கிடந்தான்.

யார் எது சொன்னாலும் முதலில் அப்படியே கைநோட்டில் கிறுக்கிக்கொள்வேன். பிறகு திருத்தி எழுதுவேன். உங்கள் மேசையில் இருக்கிறதே, நீல அட்டை போட்டது, அதுதான். எங்கள் நிலையத்துப் பெண் காவலர் புவனேஸ்வரி என் அலமாரியிலிருந்து எடுத்துக் கொடுத்திருக்கிறாள். எழுதிய எதையும் நான் எறிவதில்லை, அது என் பலவீனம். நாற்பத்தாறாம் பக்கம். அவள் சொன்னது:

"கட்டைய தூக்கிக்கினு கத்திக்கினே ஓடியாந்தாரு. நான் தள்ளிக்கினேன். அவரு போயிட்டாரு."

நான் திருத்தி எழுதியது:

"கட்டையை ஏந்திக் கூச்சலிட்டவாறு ஓடி வந்தார். நான் தள்ளினேன். அவர் இறந்தார்."

மூன்று வாக்கியம், மூன்று பயனிலை. இறந்த ஒருவரைப் பற்றி இதைவிடக் கச்சிதமாக எழுத முடியாது.

புவனேஸ்வரி என் பின்னால் நின்று படித்தாள். "சார், அவ இன்னா சொல்றா, நீங்க இன்னா எழுதிக்கினு கீறீங்க?"

"எழுதிக்கொண்டிருக்கிறீர்கள்" என்று அவளைத் திருத்தினேன்.

விதிப்படி விஜயராணிக்குப் படித்துக் காட்டினேன். இரண்டாவது வாக்கியத்தில் நிறுத்தினாள்.

"தள்ளல சார். தள்ளிக்கினேன்."

எழுந்து நின்று செய்தும் காட்டினாள். குழந்தையோடு ஓர் எட்டு இடப்பக்கம் ஒதுங்கினாள். "இப்பிடி. பஸ்ஸுல ஒருத்தரு எறங்கசொல்ல நாம தள்ளிக்க மாட்டமா? அந்த மாரி. வந்த வேகத்துல அவரு நிக்கல."

"கினேன் என்று ஒரு சொல் தமிழில் இல்லையம்மா" என்றேன்.

"உங்க வூட்டுல இல்லாம இருக்கும் சார். எங்க வூட்டுல அதாங்க என் உசுரக் காப்பாத்துச்சு."

புவனேஸ்வரிக்குச் சிரிப்பு வந்துவிட்டது. லைசென்ஸ் தொலைந்துபோனதென்று புகார் கொடுக்க வந்த ஓர் ஆளும் சிரித்தார். விஜயராணி மட்டும் சிரிக்கவில்லை. அவளும் சிரித்திருந்தால் ஒருவேளை மன்னித்திருப்பேன். அவள் நான் எழுதுவதற்காகக் காத்திருந்தாள், வாத்தியார் மாணவனுக்குக் காத்திருப்பதுபோல.

அப்போது இன்ஸ்பெக்டர் அறையிலிருந்து எட்டிப் பார்த்தார். உள்ளே சுகுமாரின் அண்ணன் தெய்வசிகாமணி உட்கார்ந்திருந்தார். வில்லியனூரில் ஹார்டுவேர் கடை வைத்திருப்பவர். அவருக்கு நம் செலவில் காபி. "இன்னா கதிரு, தள்ளுனாளா தள்ளலையா? ரெண்டுல ஒண்ணச் சொல்லு. மாஜிஸ்திரேட்டு கெளம்பிடுவாரு."

"எழுதியிருப்பதுதான், ஐயா" என்றேன்.

பிறகு விஜயராணியிடம், "இரண்டும் ஒன்றுதான். பேச்சில் தள்ளிக்கினேன், எழுத்தில் தள்ளினேன்" என்று விளக்கினேன். அவள் என்னையும் காகிதத்தையும் மாறி மாறிப் பார்த்தாள். "மெய்யாவா சார்?" என்று கேட்டாள். மெய்தான் என்றேன். படித்தவர்கள் சொன்னால் இவர்கள் நம்பிவிடுவார்கள். மூன்று மனு எழுதிப் பழகிய கை. தன் பெயரைப் பிழையில்லாமல் எழுதிக் கையெழுத்திட்டாள். அவள் முழங்கையில் முட்டை அளவுக்கு ஒரு வீக்கம் இருந்தது. வாக்கியத்தில் அதற்கு இடம் வரவில்லை.

போலீசிடம் கொடுத்த ஒப்புதல் நீதிமன்றத்தில் செல்லாது என்பது உங்களுக்கும் தெரியும், எனக்கும் தெரியும். ஆனால் ரிமாண்டுக்குச் செல்லும். 'கணவனை மாடியிலிருந்து தள்ளிய மனைவி' என்று மறுநாள் பேப்பரில் கொட்டை எழுத்தில் வரச் செல்லும். ஜாமீன் மனுவை இரண்டு முறை தள்ளுபடி செய்யச் செல்லும். தள்ளுபடி. அதே வினைதான், கவனித்தீர்களா.

இன்றோடு பதினான்கு மாதம். கீர்த்தியும் கூடவே உள்ளே போனாள். ஆறு வயது வரை தாயோடு இருக்கலாம் என்று விதி இருக்கிறது, கருணையான விதி. ஒரு வாய்தாவின்போது கோர்ட்டு வராந்தாவில் அந்தக் குழந்தையைப் பார்த்தேன். திறந்து கிடந்த ஒரு கதவுக்கு முன்னால் நின்றுகொண்டிருந்தாள். யாராவது போ என்று சொல்லும்வரை அவள் எந்தக் கதவையும் தாண்டுவதில்லை என்று புவனேஸ்வரி சொன்னாள். ஒழுக்கமான பிள்ளை. விஜயராணி என்னை அடையாளம் கண்டுகொண்டு, பக்கத்தில் காவலர் நிற்கும்போதே கேட்டாள்:

"இன்னா சார், தமிழு நல்லாக்கீதா?"

நன்றாக இருக்கிறது என்றுதான் சொல்ல நினைத்தேன். அதற்குள் வண்டியில் ஏற்றிவிட்டார்கள்.

இரண்டு சொல்லுக்கும் உள்ள வேறுபாடு எனக்குத் தெரியாதா என்று கேட்கிறீர்கள். நியாயமான கேள்வி. விஜயராணிக்கு இலவசமாக வாதாடும் ஹேமலதா வழக்கறிஞர் என் முதுகலை ஆய்வேட்டைத் தேடி எடுத்து உங்களிடம் கொடுத்திருக்கிறார் என்பது எனக்குத் தெரியும். மறைப்பானேன். தலைப்பு: 'தற்காலத் தமிழில் கொள் என்னும் துணைவினை'. நூற்று நாற்பது பக்கம். கினு என்பது கொண்டு என்பதன் வழக்கு வடிவம், ஆயிரம் ஆண்டுப் பழமையுள்ள வினையின் பேரப்பிள்ளை என்று அதில் நானே எழுதியிருக்கிறேன். செயலின் பயன் செய்தவரையே வந்து சேரும்போது அது வரும். தள்ளினேன் என்றால் இன்னொருவரை. தள்ளிக்கொண்டேன் என்றால் என்னை நானே, ஒதுங்கினேன் என்று பொருள். அறுபத்திரண்டாம் பக்கத்தில் இதே எடுத்துக்காட்டு இருக்கிறது. தங்கப் பதக்கம் கொடுத்தார்கள்.

ஆகவே, தெரியும், அம்மா. பேனாவை எடுக்கும்போதே தெரியும். மிளகாய்த் தூசிக் கையோடு வந்த ஒருத்தி, நாலு பேர் பார்க்க, எனக்கு இலக்கணம் நடத்தினாள். தப்பாக நடத்தியிருந்தால்கூடப் பரவாயில்லை. சரியாக நடத்தினாள். அதனால் ஏற்கனவே எழுதிய 'தள்ளினேன்' என்ற சொல்லை நான் மாற்றவில்லை. இவ்வளவுதான் காரணம். வேறு பெரிதாக எதையும் தேடாதீர்கள்.

ஆனால் அப்படிப் பார்க்காதீர்கள். நான் யாரையும் சிறைக்கு அனுப்பவில்லை. கையெழுத்து அவளுடையது, ரிமாண்டு மாஜிஸ்திரேட்டுடையது. நான் நடுவில் உட்கார்ந்திருந்தேன். ஒரு பக்கம் இன்ஸ்பெக்டர், ஒரு பக்கம் ஹார்டுவேர்க்காரர், சுவரில் கடிகாரம். எல்லாம் சேர்ந்து அவ்வளவு வேகமாக வந்தது. அந்த வேகத்தின் வழியில் எனக்குப் பின்னால் விஜயராணி நின்றது, இடுப்பில் குழந்தை இருந்தது எல்லாம் உண்மைதான். அதற்கு நான் என்ன செய்ய முடியும்? அவள் மேல் என் விரல்கூடப் படவில்லை.

நான் தள்ளிக்கினேன்.

ஏன் நிறுத்திவிட்டீர்கள்? அப்படியே தட்டச்சு செய்யுங்கள், அம்மா. திருத்த வேண்டாம். ஓர் எழுத்து மாறினாலும் பொருள் மாறிவிடும்.