நரம்பு தெரியணும்

முட்டையின் மஞ்சள் கருவை வீணாக்க எனக்கு மனசு வராது, மேடம். என் வீட்டுக்காரர் ஜெகன் வெள்ளைக் கருவை மட்டும்தான் சாப்பிடுவார். மஞ்சள் கருவையெல்லாம் வெங்காயம் போட்டு வதக்கி நான் சாப்பிட்டுவிடுவேன். கல்யாணமான நாளிலிருந்து அப்படித்தான். அந்த உடம்பை ஊரே பார்த்தது; அதற்குச் சமைத்துப் போட்டவள் நான்.

அம்பத்தூர் எஸ்டேட்டில் லேத் ஓட்டிக்கொண்டே ஜிம்முக்குப் போனவர். மாநில ஆணழகன் பட்டம் வாங்கினார். அப்புறம் சினிமாவில் வில்லனுக்குப் பின்னால் கைகட்டி நிற்கிற அடியாள். கொஞ்ச காலத்தில் வில்லனே அவர்தான். திருமுல்லைவாயிலில் மாடி வைத்து வீடு கட்டினோம். அங்கேதான் மாமியார் ஆரம்பித்தார். "இத்தினி ரூமு எதுக்கு? வெளாட ஒரு கொழந்த இல்ல." மகனிடம் கேட்கவில்லை. என்னிடம்தான் கேட்டார்.

நானும் பொறுத்துக்கொண்டேன். திருவேற்காட்டுக் கோயிலில் ஈரப்புடவையோடு உருண்டேன். யார் யாரோ சொன்ன கஷாயமெல்லாம் குடித்தேன். நாத்தனார் வளைகாப்பில் சந்தனக் கிண்ணத்தை எடுத்தபோது, மாமியார் சத்தமில்லாமல் அதை என் கையிலிருந்து வாங்கி வேறொருத்தியிடம் கொடுத்தார். ஜெகன் எதிரே நின்று பார்த்துக்கொண்டுதான் இருந்தார்.

போன தீபாவளிக்கு ஒரு யூடியூப் சேனலில் அவர் பேட்டி வந்தது. "எம் பொண்டாட்டிக்குக் கொழந்த பொறக்காது. அதுக்கோசரம் வுட்டுற முடியுமா? எனக்கு அவதான் கொழந்த" என்று சொல்லிக் கண்ணைத் துடைத்துக்கொண்டார். கீழே எத்தனையோ பேர் கையெடுத்துக் கும்பிட்டு எழுதியிருந்தார்கள். காய்கறிக் கடையில் முகம் தெரியாத ஒருத்தி என் கையைப் பிடித்துக்கொண்டு, "நீ குடுத்து வச்சவக்கா" என்றாள்.

அந்த வாரம் பூந்தமல்லிக்கு மஹீரா டாக்டரைப் பார்க்கப் போனேன். கல்யாணமான புதிதில் எங்கள் இரண்டு பேரையும் பரிசோதித்தவர். இனிமேலாவது ஏதும் வழி இருக்குமா என்று கேட்கத்தான் போனேன். அவர் என்னையே பார்த்தார்.

"உன்கிட்ட ஒரு கொறையும் இல்லையேம்மா. அவர் ஒடம்பு ஏத்தப் போட்டுக்கிற ஊசிதான் காரணம்னு அப்பவே சொன்னேன். நிறுத்துனா சரியாக வாய்ப்பு இருக்குன்னும் சொன்னேன். நானே அவகிட்ட சொல்லிக்கிறேன்னாரே?"

வீட்டுக்கு வந்து, வழக்கம்போல உப்பில்லாமல் கோழியை வேகவைத்தேன். அவரிடம் எதுவும் கேட்கவில்லை. நான் கோபக்காரி இல்லை, மேடம். கோபம் வந்திருந்தால் அன்றைக்கே கத்தித் தீர்த்திருப்பேன்.

பிறகு இந்தப் படத்தில் நடிக்க வாய்ப்பு வந்தது. கடைசிச் சண்டையில் சட்டையில்லாமல் நிற்கவேண்டும். அந்த மாதிரிக் காட்சிக்கு முன்னால் உப்பை விடுவார், தண்ணீரை விடுவார், நீர் பிரிய ஒரு மாத்திரை போடுவார். தோல் வற்றிச் சதையோடு ஒட்டினால்தான் கேமராவில் நரம்பு தெரியும். "நானே கெஞ்சினாலும் தண்ணி குடுக்காத. ரூம வெளிய பூட்டிக்கோ" என்பார். வேறு யாரையும் நம்பி இதைச் சொல்லமாட்டார்.

பூட்டினேன். அவர் சொன்னதைத்தான் செய்தேன். மாமியாரை நாத்தனார் வீட்டுக்கு அனுப்பிவிட்டு, அறைக் குழாயிலும் தண்ணீர் வராதபடி மாடித் தொட்டியின் வால்வை மூடினேன். பிரேதப் பரிசோதனையில் மாத்திரை அளவுக்கு மேல் இருந்ததாகச் சொன்னீர்கள். சரிதான். பொடித்து வெள்ளைக் கருவில் நான்தான் கலந்தேன், வேளாவேளைக்கு.

மத்தியானம் கதவைத் தட்டினார். அப்புறம் சுரண்டுகிற சத்தம்தான் வந்தது. அவருடைய மேனேஜர் ஜானகிராமன் போன் செய்தார். "தூங்கிகினு கீறாரு சார், எழுப்ப வேணாம்" என்றேன்.

ஒரு டம்ளரில் தண்ணீர் எடுத்துக்கொண்டுதான் உள்ளே போனேன். தரையில் கிடந்தார். தொடையும் கெண்டைக்காலும் இழுத்துக்கொண்டு முறுக்கியிருந்தன. கையெல்லாம் நரம்பு கயிறு கயிறாக எழும்பி நின்றது. அவர் ஆசைப்பட்ட மாதிரியே வந்திருந்தது. தண்ணீரைக் கொடுக்கக் கூடாது என்று நான் நினைக்கவில்லை. உண்மையைச் சொன்னால் கொடுத்துவிடலாம் என்றுதான் இருந்தேன்.

"மஹீரா டாக்டர் ஒங்களாண்ட இன்னா சொன்னாங்க?" என்று கேட்டேன்.

நாக்கு அண்ணத்தில் ஒட்டிக்கொண்டிருந்தது. ஆனாலும் சொன்னார். "கொற என்னாண்டதான், சுரேகா. அம்மாவாண்ட சொல்றேன். டிவில சொல்றேன். குடு."

இத்தனை வருஷமாக நான் கேட்க ஏங்கியது அந்த ஒரு வார்த்தைதான்.

"காதுல விழல. இன்னொரு வாட்டி சொல்லு" என்றேன். அவரை நான் ஒருமையில் பேசியது அன்றைக்குத்தான். சொன்னார். மறுபடியும் கேட்டேன். அதற்கும் சொன்னார், உதடு மட்டும் அசைந்தது. அப்போதே அவரை மனசார மன்னித்துவிட்டேன், மேடம். பக்கத்தில் உட்கார்ந்து உட்கார்ந்து எனக்கும் தொண்டை வறண்டிருந்தது. தண்ணீரை நான் குடித்தேன்.