ஏழாம் கிணற்றுத் தண்ணீர்

உங்கள் நாற்காலி ரொம்ப வசதியாக இருக்கிறது, ஐயா. எங்கள் ஆய்வுக்கூடத்தில் இப்படி ஒன்றைக் கேட்டுக் கேட்டு என் வாய்தான் வலித்தது.

என் வேலை சுலபமானது. எங்களுடையது அணு எரிபொருளுக்காகத் தாதுவைச் சுத்திகரிக்கும் அரசு ஆலை. அதன் கழிவுக் குட்டையைச் சுற்றி ஒன்பது கிணறுகள். மாதம் ஒருமுறை ஒவ்வொன்றிலும் ஒரு புட்டித் தண்ணீர் எடுத்து, யுரேனியம் கசிந்திருக்கிறதா என்று அளந்து எழுதுவேன். எட்டு வருடம் ஒன்றுமில்லை. ஒருநாள் ஏழாம் கிணறு வரம்பைப்போல் நாற்பது மடங்கு காட்டியது.

மேலாளருக்கு வேர்த்துவிட்டது. "புட்டிய ஒழுங்காக் கழுவினீங்களா?"

"கழுவினேன் சார்."

"இன்னொரு தடவ எடுத்துப் பாருங்களேன்."

எடுத்தேன். நாற்பத்திரண்டு.

"இன்னும் ஒரே ஒரு தடவ," என்றார், அழாக்குறையாக. ஆலையை மூடினால் எண்ணூறு குடும்பம் தெருவில் நிற்கும். மூன்றாம் முறை கிணற்றுப் பக்கமே போகவில்லை. விருந்தினர் விடுதிக் குழாயில் புட்டியை நிரப்பினேன்.

அப்புறம் நடந்ததை நினைத்தால் இன்றும் சிரிப்பு வருகிறது. மேலாளர் என்னை அலாக்காகத் தூக்கித் தட்டாமாலை சுற்றினார். அவர் ஆள் பீப்பாய், நான் ஊதினால் பறப்பேன். தட்டச்சு அம்மா கை தட்டினார். எனக்குத் தலைகால் புரியவில்லை. அடுத்த மாதமும் குழாய்தான். இரண்டு வருடத்தில், ஏழாம் கிணறே மற்ற எல்லாவற்றையும்விடச் சுத்தம் என்று கேடயம் கொடுத்தார்கள். வாங்கும்போது கால் தரையில் பாவவில்லை.

சுத்தமான கிணறு சும்மா கிடப்பானேன்? பக்கத்துப் பள்ளிக்கு அதிலிருந்து குழாய் இழுத்தார்கள். அங்கே தலைமையாசிரியை என் அக்கா. முதல்நாள் கூப்பிட்டாள்.

"டேய், அந்தத் தண்ணிய நம்பிக் குடிக்கலாமா? நீ சொன்னாப் போதும், வேற யாரையும் கேக்க மாட்டேன்."

"கல்கண்டாட்டம் இருக்கும்க்கா."

திறப்பு விழா அமர்க்களப்பட்டது. இருநூற்றுப் பத்துப் பிள்ளைகள், குழாயைத் திறந்ததும் ஒன்றன்மேல் ஒன்று வாரி இறைத்துக் குதித்தன. அக்கா சொம்பு நிறையப் பிடித்து மடக் மடக்கென்று குடித்தாள். நானும் பிள்ளைகளோடு சேர்ந்து ஆடினேன், தொப்பலாக நனைந்துவிட்டேன். வீட்டுக்கு வந்து மூன்று தடவை சோப்புப் போட்டுக் குளித்தேன்.

மேலும் இரண்டு வருடத்தில் பதினொரு பிள்ளைகளுக்குச் சிறுநீரகம் கெட்டது. மூன்று பேர் இப்போது இல்லை. அக்காவுக்கு வாரம் இருமுறை ரத்தத்தைச் சுத்தம் செய்கிறார்கள். போன வாரம் பார்க்கப் போனேன்.

"அன்னிக்கு நீ குடிச்சியாடா?" என்றாள்.

"இல்லக்கா. எனக்குத் தாகமில்ல."

அவள் சுவர்ப்பக்கம் திரும்பிப் படுத்துக்கொண்டாள். களைப்பாக இருந்திருக்கும்.

நாற்பத்தெட்டு அறிக்கையும் என் கையெழுத்துதான், ஐயா. மேலாளர் ஒரு வார்த்தையும் சொல்லித்தரவில்லை. ஆனால் ஒன்றை மறக்காமல் எழுதிக்கொள்ளுங்கள். மாதாமாதம் ஏழாம் கிணற்றின் நிஜத் தண்ணீரையும் எடுத்து, தனியாக அளந்து, என் குறிப்பேட்டில் பதிந்து வந்தேன். கடைசி மாதம் முந்நூற்றுப் பன்னிரண்டு மடங்கு. யாரை வைத்து வேண்டுமானாலும் சரிபாருங்கள், இம்மி பிசகாது. வேலையில் நான் ஒருநாளும் அலட்சியமாக இருந்ததில்லை.