உருவம் மாற்றக்கூடாத மாடு

2024 ஆகஸ்ட் 22, வியாழக்கிழமை, முற்பகல் 10.20. என் பெயர் நல்லையா பெரியாயி. வயது 49. மதம் இந்து. விலாசம் மடுல்சீமை தேயிலைத் தோட்டம், கீழ்ப்பிரிவு, ஏழாம் லயம், மூன்றாம் காம்பரா. முன்பு கொழுந்து பறித்தேன். வலது தோளைத் தூக்க முடியாமல் போனதால் நின்றுவிட்டேன். இப்போது ஒரு பசு வளர்க்கிறேன், அதன் பாலை நம்பித்தான் இருக்கிறேன். இந்தப் பொலிஸ் நிலையத்தில் நான் தமிழில் சொல்லச் சொல்ல கான்ஸ்டபிள் ஷப்ராஸ் எழுதுகிறார்.

கடந்த மார்ச் 9ஆம் திகதி, தெமோதரையில் இருந்த என் தங்கை ஜீவராணி கொழும்புக்குக் குடிபோனதால் தன் செவலைப் பசுவை எனக்குத் தந்தாள். ஸலீம் என்பவரின் சின்ன லொறியில் ஏற்றி வந்தோம். கிராம சேவகரின் கடிதம் கையில் இருந்தது. மாடு ஏற்ற மிருக வைத்தியரிடம் தனியாக அனுமதிப்பத்திரம் எடுக்க வேண்டும் என்பது எனக்குத் தெரியாது. வழியில் பொலிசார் மறித்து லொறியையும் மாட்டையும் கைப்பற்றினார்கள். அதன் பின் மாட்டை இந்த நிலையத்தின் பின்பக்கம், பிடிபட்ட மோட்டார் சைக்கிள்களுக்குப் பக்கத்தில் கட்டி, கழுத்தில் வழக்கு இலக்க அட்டை மாட்டினார்கள். அட்டையை மாடு தின்றுவிட்டது. இன்னொன்று எழுதிக் கட்டினார்கள், அதையும் தின்றது.

அதன் பின் 13ஆம் திகதி, மாட்டை அரசுடைமையாக்குவதா என்ற விசாரணை முடியும்வரை அதை என் பொறுப்பில் விடும்படி நீதவான் கட்டளையிட்டார். நான் பிணைமுறியில் கையெழுத்து வைத்தேன். அது வாகனத்துக்கு அச்சடித்த படிவம். எஞ்சின் இலக்கம் என்ற இடத்தைப் பேனாவால் வெட்டியிருந்தார்கள். நிறத்தையோ உருவத்தையோ மாற்றக்கூடாது, கேட்கும்போது அதே நிலையில் கொண்டுவர வேண்டும் என்பதை மட்டும் வெட்டவில்லை. வாசித்துச் சொன்னவரிடம், "ஐயா, மாடு கொழுத்துப்போனா என்னங்க செய்றது?" என்று கேட்டேன். அவர் சிரித்துக்கொண்டே கையெழுத்து வைக்கும் இடத்தைக் காட்டினார்.

அதன் பின் மே மாதக் கடைசியில் மாட்டின் வயிறு அகலமாகத் தொடங்கியது. எனக்கு முதலில் வந்தது சந்தோஷம் இல்லை, பயம். உருவம் மாறிவிட்டது என்று பறித்துக்கொள்வார்கள் என நினைத்துத் தவிட்டைப் பாதியாகக் குறைத்தேன். இரண்டு நாள் மாடு லயத்தின் வரிசை வீடுகள் முழுக்கக் கேட்கக் கத்தியது. பக்கத்துக் காம்பராவில் குடியிருக்கும் இராக்கம்மா வந்து, "ஏன்டி, கோர்ட்டு சொன்னுச்சுன்னு வாயில்லா சீவனப் பட்டினி போடுவியா? வகுத்துல கன்னு இருக்குடி" என்று ஏசினாள். எனக்கு வெட்கமாகப் போய்விட்டது. மூன்றாம் நாள் பழைய அளவைவிடக் கூடுதலாகவே வைத்தேன்.

ஆகஸ்ட் 11ஆம் திகதி காலையில் பசு கிடாரிக் கன்று ஈன்றது. அதன் பின் நேற்று, மாடு இருக்கிறதா என்று பார்க்க வந்த இதே கான்ஸ்டபிள், கையிலிருந்த தாளையும் கொட்டிலையும் மாறி மாறிப் பார்த்தார். "தாள்ல ஒண்டுதானே இரிக்கி, மத்தது எப்படி வந்த?" என்று கேட்டார். "எல்லாம் வர்ற வழியிலதாங்க சார் வந்துச்சு" என்றேன். அவர் சிரித்துவிட்டு, நிலையத்துக்கு வரச் சொன்னார்.

கைப்பற்றிய அன்று பசு சினையா என்று இப்போது கேட்கப்படுகிறேன். சினை என்றால் கன்றும் வழக்கில் சேரலாம் என்றும் சொல்லப்பட்டது. இல்லை என்று சொல்லிவிடலாமா என்று ஒரு நிமிஷம் யோசித்தேன். பசு ஒன்பது மாதம் சுமக்கும், கணக்கு யாருக்கும் தெரியும். போன தீபாவளிக்கு முந்தின கிழமை தங்கை சினை ஊசி போடுவித்தாள். ஆகவே கன்று அன்று வயிற்றில் இருந்தது.

ஆனால் எனக்கு ஒன்று விளங்கவில்லை, அதையும் எழுதச் சொல்கிறேன். லொறியில் வந்தது இரண்டு என்றால் வழக்கில் ஏன் மாடு ஒன்று என்று எழுதினார்கள்? ஒன்றுதான் என்றால் இந்தக் கன்று என்னுடையது. இதைக் கேட்டதும் கான்ஸ்டபிள் பேனாவை வைத்துவிட்டு உள்ளே போய்ப் பொறுப்பதிகாரியிடம் கேட்டு வந்தார். அவருக்கும் தெரியவில்லையாம், அப்படியே எழுதட்டுமாம்.

வரும் 29ஆம் திகதி பசுவை நீதிமன்றத்துக்குக் கொண்டுவருவேன். கன்று எனக்குத்தான் என்பதை விட்டுக்கொடுக்க மாட்டேன். ஆனால் பசுவை அரசாங்கம் எடுப்பதென்று தீர்ப்பு வந்தால், கன்றை என்னிடம் விட வேண்டாம். பிறந்து பதினொரு நாள்தான் ஆகிறது, தாயின் மடியைத் தவிர வேறு எதிலும் வாய் வைக்காது. இரண்டையும் ஒன்றாகவே கொண்டுபோங்கள்.

எழுதியதை எனக்கு வாசித்துக் காட்டினார்கள். நான் சொன்னதுதான் இருக்கிறது, சொல்லாதது ஒன்றும் இல்லை, எல்லாம் உண்மை என்று கையெழுத்து வைக்கிறேன்.

(ஒப்பம்) ந. பெரியாயி