வருசக்காத்து அடித்த நாற்பத்தொரு நிமிடம்

ஓடுகிறேன். ரோட்டிலிருந்து மேலே. கொழுந்து நிறுக்கும் கொட்டகையை நோக்கி. மணி மூன்று பன்னிரண்டு. சத்தம் தொடங்கிவிட்டது. தெமோதரைச் சுரங்கத்துக்குள் ரயில் நுழையும் சத்தம். ரயில் இல்லை.

கொட்டகைக்கு அந்தப் பக்கம் பள்ளம். வருசக்காத்து அங்கிருந்துதான் ஏறும். அது அடிக்கும் இடத்தில் ஒரு நிமிடத்துக்கு ஒரு வருடம் உடம்பில் ஏறிவிடும். அகப்பட்டால் கால் பெயராது. இது மூன்றாவது தடவை. முதல் தடவை ஏழாம் நம்பர் மலையில் அடித்தது. தேயிலைச் செடிகள் மரங்களாகிவிட்டன. அடுத்த தடவை கோயில் பக்கம். தகரக்கூரை துருவாய்க் கொட்டியது. கூரையடியில் நின்ற பசு நின்ற இடத்திலேயே கிழடாகிச் செத்தது.

இரண்டு தடவையும் நான் நேரம் பார்த்தேன். சத்தம் கேட்டதிலிருந்து பள்ளத்தை விட்டு மேலே ஏற ஏழு நிமிடம். ரோட்டைத் தாண்டாது. இதை எழுதித் தோட்டத்துத் தொரையிடம் கொண்டுபோனேன். எங்கள் குடும்பத்தில் பள்ளிக்கூடத்தை முடித்த முதல் ஆள் நான். அழகாகத்தான் எழுதியிருந்தேன். அவர் தாளைத் திருப்பிக்கூடப் பார்க்கவில்லை.

"ஆர்ட்ஸ் படிச்ச புள்ளதானே? காத்தப் பத்தி ஒனக்கென்ன தெரியும்?"

பக்கத்திலிருந்த ஆபீஸ் கிளாக்கர் சிரித்தார். அவருடைய சம்பளத்தில் அந்தச் சிரிப்பும் சேர்த்தி.

இன்று பண்டாரவளையிலிருந்து பஸ்ஸில் வரும்போது தொரையின் ஜீப் எதிரே போனது. மணி மூன்று. மனைவி, பிள்ளைகள், நாய் எல்லாரும் உள்ளே. காத்தைப் பற்றி எனக்கென்ன தெரியும் என்று கேட்ட மனிதருக்குச் சத்தத்துக்கு முன்பே தெரிந்திருக்கிறது.

மூன்று பதினைந்து. கொட்டகை தெரிகிறது. பதின்மூன்று பெண்கள் வரிசையில். தராசருகே கங்காணி, கையில் குடை.

"ஓடுங்க! காத்து வருது! ரோட்டுக்கு எறங்குங்க!"

ஒருவரும் அசையவில்லை. காது கேட்காமல் இல்லை. பதினெட்டு கிலோ நிறுத்தால்தான் முழுப்பேர், அதாவது ஒரு நாள் வேலை. நிறுக்காமல் போனால் அரைப்பேர். காலையிலிருந்து அட்டைக்கடியில் பறித்த கொழுந்தைக் கீழே போட்டுவிட்டு ஓட எங்கள் பெண்களுக்குக் கால் வராது. கங்காணிக்குத் தெரிந்த ஒரே பாடம் அது.

"வரிச கலஞ்சா அரப்பேருதான்! சொல்லிப்புட்டேன்!"

வரிசையின் கடைசியில் என் அம்மா மாரியாயி. அவளுடைய சாக்கில் இருபது கிலோவுக்கு மேல். அவளுக்கு முன்னால் பக்கத்து லயத்து வீட்டுச் செல்வமணி. இருபத்து மூன்று வயது. சாக்கு நிறையவில்லை. வாரம் முழுக்க அவளுக்கு அரைப்பேர். அம்மா தன் கொழுந்தை அள்ளி அவள் சாக்கில் போட்டுக்கொண்டிருந்தாள்.

மூன்று பதினேழு. அப்போதுதான் எனக்கு உறைத்தது. காத்து என்றால் இவர்கள் ஓடமாட்டார்கள்.

"தொரை சொல்லிட்டாரு! எல்லாருக்கும் முழுப்பேரு போட்டாச்சு! வீட்டுக்குப் போங்க!"

சாக்குகள் விழுந்தன. பதினோரு பெண்கள் என்னைத் தாண்டி ஓடினார்கள். அவர்களுக்கும் முன்னால் கங்காணி ஓடினான். தராசை விட்டான். குடையை விடவில்லை.

அம்மா நகரவில்லை. சிரித்தாள்.

"அவ மூஞ்சப் பாரு செல்வி. பொய் சொல்றா. தொர இவளக் கூப்பிட்டுச் சொன்னாராம்!"

"படிச்ச புள்ள பொய்யும் படிச்சிருச்சு அத்த!"

"அம்மா! வா! செத்துருவ!"

"கங்காணி திரும்பி வந்து நிறுப்பான். இந்தா, ஒரு கைதான்டி. வாரேன்."

மூன்று பத்தொன்பது. சத்தம் நின்றது. காத்து ஏறியது. அதற்கு நிறம் இல்லை. கொட்டகைத் தூண் வெளுத்தது. அம்மாவின் கொண்டை வெளுத்தது. கை சாக்குக்குள் அப்படியே இருந்தது. என் செருப்புக்கு முன்னால் புல் காய்ந்து, முளைத்து, காய்ந்தது. இருபதடி தூரம். நான் நின்றேன். எல்லாம் அளந்து வைத்திருந்தவள், நின்றேன். மற்றவர்களைப் பழிக்கும்போது இதை மறைக்கமாட்டேன்.

நாலு மணிக்குக் காத்து விட்டது. நாற்பத்தொரு நிமிடம்.

அம்மா தரையில் கிடந்தாள். முழங்கால் வரை வெள்ளை முடி. மூச்சில்லை. செல்வமணி உட்கார்ந்திருந்தாள். உயிர் இருந்தது. தன் கைகளைத் திருப்பித் திருப்பிப் பார்த்தாள்.

பிறகு ஆட்கள் வந்தார்கள். படம் எடுத்தார்கள். இயற்கை அனர்த்தம் என்று எழுதிக்கொண்டார்கள். இயற்கை ஏழு நிமிடம் அவகாசம் கொடுத்தது. வரிசையில் நிற்க வைத்தது யார் என்று ஒருவரும் கேட்கவில்லை. தொரை மூன்றாம் நாள் திரும்பி வந்தார். நாய் கொழுத்திருந்தது.

செல்வமணி வேலைக்குப் போனாள். கிளாக்கர் அவள் முகத்தைப் பார்த்தார்.

"அறுபது தாண்டினவங்களுக்கு வேல இல்ல பாட்டி."

பெயரை வெட்டினார். அடையாள அட்டையை அவள் நீட்டியதும், அது யாருடைய படம் என்று கேட்டார்.

அம்மாவுக்கும் ஆபீஸிலிருந்து ஒரு தாள் கொண்டுவந்தார்கள். வயது தொண்ணூற்றைந்து. மரணக் காரணம் மூப்பு. கீழே என் கையெழுத்துக்கு இடம் விட்டிருந்தார்கள்.

இழந்தவற்றை எழுதுகிறேன். கொட்டகை ஒன்று. தராசு ஒன்று. பதின்மூன்று சாக்குக் கொழுந்து, மண்ணாய்ப் போனது. செல்வமணியின் நாற்பத்தொரு வருடம். அவளுடைய மகளுக்கு இரண்டு வயது. வேலை நேரத்தில் பிள்ளைகளை விட்டுப்போகும் பிள்ளைக் காம்பராவில் அவள் கை நீட்டினால் குழந்தை ஆயாவின் சேலைக்குள் ஒளிகிறது.

என் அம்மா, மாரியாயி. வயது ஐம்பத்து நான்கு. அந்தத் தாளில் நான் கையெழுத்துப் போடவில்லை.