இரண்டு மேசைக்கு ஒரு விரிப்பு

— இந்தச் செம்பையும் பெட்டியில வைக்கணுமா? உங்க பரமக்குடியில செம்பே கிடைக்காதா?

— வை, தனம். எல்லாத்தையும் வை. நாளைக்குக் காலையில மதராஸ் கப்பல். இனிமே ரங்கூன்ல நமக்குன்னு ஒரு சாமான் இருக்கக் கூடாது.

— பொண்ணு இருக்காளே.

— அம்சாவும் வருவா.

— அமே, அம்மாடி! வரமாட்டேன்னு மூணு நாளா சொல்லிட்டிருக்கா. கட்டினா இன்சீன் மருந்துக்கடை கோ பா தின்னைத்தான் கட்டுவாளாம். நீங்களும் மூணு நாளா அவ ஆக்கின சோத்தைத் தொடாம, லான்மடாவ் முக்குல மீன் சாறு ஊத்தின மொஹிங்கா தின்னுட்டு வர்றீங்க. பர்மாக்கார மாப்பிள்ளை ஆகாது, பர்மாக்காரி மொஹிங்கா மட்டும் ஆகுமாக்கும்.

— கேளு புள்ள. கனடாவுல இருந்து அன்னா போட்ட கடிதாசியில என்ன இருந்துச்சு? நீயும் கேட்டேல்ல?

— கேட்டேன். அம்சாவையே உரக்கப் படிக்க வச்சீங்களே, பாவம். அந்த மென்னோனைட்டுக் கிறிஸ்தவ சனங்க ஊரோட கிளம்புறாங்க. பள்ளிக்கூடத்துல இங்கிலீஷ்தான் சொல்லித் தரணும்னு சர்க்கார் சொல்லிருச்சு. ஜெர்மன் போச்சுன்னா சாமி கும்பிடுற பேச்சே போயிரும்னு, பராகுவேன்னு ஏதோ காட்டுக்குப் போறாங்க.

— காடோ மேடோ. அம்பது வருசத்துக்கு முன்னாடி ருசியாவுல இதே தகராறு வந்தப்பவும் எந்திரிச்சு வந்தவங்கதான். அப்ப கனடாவுல வெறும் புல்லுக்காடு, கண்ணுக்கெட்டின தூரத்துக்கு ஒரு மரம் கிடையாது. அதைக் கோதுமை வயலாக்கி வச்சாங்க. இப்ப அதையும் விட்டுட்டுப் போறாங்கன்னா எதுக்கு? பிள்ளைங்க கைவிட்டுப் போயிரக் கூடாதுன்னுதான்.

— ரெண்டே அறுப்பு அங்க இருந்தீங்க. பன்னிரண்டு வருசமா அவங்க பேச்சுதான் இந்த வீட்டுல.

— இருக்காதா? அம்சா சின்னப் புள்ளையா இருந்தப்ப கப்பல்ல கரி தள்ளிக்கிட்டிருந்தவன் காய்ச்சல்ல விழுந்தேன், கப்பல் என்னைக் கனடாக் கரையில விட்டுட்டுப் போயிருச்சு. அறுப்புக்கு ஆள் ஏத்தின ரயில்ல ஏறி அந்த ஊர்ல போய் நின்னேன். நீ யாரு, என்ன சாதி, ஒரு கேள்வி கேக்கல பீட்டர் பெரியவர். சூப்பு குடுத்தார், அவர் கோட்டையே கழட்டிப் போட்டுவிட்டார். ஊருக்கே மூத்தவர், தனம். அவர் எந்திரிச்சா ஊரே எந்திரிக்கும்.

— அன்னா அவர் பொண்ணுதானே? அவ கதையைச் சொல்லுங்க.

— அதான் தெரியுமே உனக்கு.

— தெரிஞ்சா என்ன, சொல்லுங்க.

— ரயில்வே இங்கிலீஷ்காரன் ஒருத்தனைக் கட்டிக்கிட்டா. சபையில தள்ளி வச்சுட்டாங்க. தள்ளி வச்ச ஆளோட ஒரே மேசையில சாப்பிடக் கூடாது, அது அவங்க கட்டுப்பாடு. பெத்த அப்பனுக்கும் அதேதான்.

— அவ அம்மா என்ன பண்ணுனாங்க?

— புண்ணியவதி, போன வருசம் போய்ச் சேர்ந்துட்டா. ரெண்டு மேசை போட்டா அவ. நடுவுல நாலு விரக்கடை இடம் விட்டு, மேல ஒரே விரிப்பை விரிச்சுட்டா. கட்டுப்பாட்டையும் மீறல, மகளையும் விடல. நான் வேத்தாளு, அன்னா பக்கம்தான் உக்காருவேன். பெரியவர் தலை நிமிராம சாப்பிடுவார். ஆனா ரொட்டிக் கூடை மட்டும் எப்படியோ மகள் பக்கம் நகர்ந்து வந்துரும்.

— அவராவது அதே வீட்டுல உக்காந்தார். நீங்க எந்திரிச்சுத் தெருவுக்கே போயிடுறீங்க.

— நாளைக்குப் பேரன் பொறந்தா என்னை எந்தப் பாஷையில கூப்பிடுவான், சொல்லு.

— எங்கம்மா மௌல்மீன் பர்மாக்காரி. எங்கப்பா தமிழ்ல எனக்குப் பேரு மட்டும்தான் வச்சுட்டுப் போனார். உங்களைக் கட்டிக்கிட்டு வந்தப்ப எனக்குத் தண்ணி கேக்கத் தெரியாது, கையைத்தான் காட்டுவேன். இப்ப வாயை மூடுறேனா?

— அது வேற.

— ஹொட்டே, ஆமா, வேறதான். அப்ப என்னைப் பிடிச்சிருந்துச்சு.

— இப்பவும் பிடிக்கும்டி. அதுக்காக…

— சரி, ஒண்ணு கேக்கறேன். எனக்கு எழுத்து தெரியாது, படம் தெரியும். அன்னா எப்பவும் கடிதாசி அடியில ஒரு சூரியகாந்திப் பூ வரைவா. இந்தத் தடவை பூவைக் காணோமே?

— மறந்திருப்பா.

— மறக்க மாட்டா. இன்னொரு தாள் இருக்கு. உங்க சட்டைப் பையில. மூணு நாளா அந்தச் சட்டையைத் துவைக்கவே போட மாட்டேங்கிறீங்க.

— எனக்கென்ன இங்கிலீஷ் தெரியும், அதுல என்ன இருக்குன்னு சொல்ல?

— ஒர்க்‌ஷாப் கிளார்க்கு அய்யாசாமிக்குத் தெரியும். அவர் படிச்சுச் சொன்னதை அப்படியே எனக்குச் சொல்லுங்க.

— ஊரே ரயிலேறியிருக்கு. அன்னா புருசன், பிள்ளைங்களோட வழியனுப்ப வந்திருக்கா. தள்ளி வச்ச குடும்பமாச்சே, பிளாட்பாரக் கடைசியில ஒதுங்கி நின்னிருக்காங்க. பெரியவர் ஜன்னலோரம். அந்தப் பக்கம் திரும்பவே இல்லையாம்.

— அப்புறம்?

— ரயில் கிளம்பிருச்சு.

— கிளம்பட்டும், நீங்க சொல்லுங்க.

— குதிச்சுட்டார், தனம். எழுபத்திரண்டு வயசு. முட்டி ரெண்டும் பேந்து, நொண்டிக்கிட்டே அந்த பிளாட்பாரம் முழுக்க நடந்து மககிட்ட வந்து நின்னாராம். சபை, சனம், ஜெர்மன் எல்லாம் அந்த ரயிலோட போயிருச்சு. ‘இன்னைக்கு என்ன சமைச்சே?’ன்னு கேட்டாராம்.

— இதையா என்கிட்ட மறைச்சீங்க?

— சொன்னா நீ என்ன சொல்லுவேன்னு தெரியும்.

— நான் ஒண்ணும் சொல்லலையே. அந்த வயசுல ஓடுற ரயில்ல இருந்து குதிக்கலாமா மனுசன், அதைத்தான் நினைக்கிறேன்.

— அவர் ஏறிட்டார், வேற வழியில்ல, புள்ள. நான் இன்னும் கப்பல் ஏறவே இல்லையே.